எம்பெடட் செய்தியாளர்: சொல் விளக்கம்

ஒரு படைப்பிரிவோடு சேர்ந்து பயணம் செய்து, அதன் வண்டியில் ஏறி, அதன் சோற்றை உண்டு, அது அனுமதிக்கும் எல்லைக்குள் நின்று செய்தி அனுப்புபவரே 'எம்பெடட்' செய்தியாளர். பாறைக்குள் பதிந்து கிடக்கும் புதைபடிவங்களைப் பற்றி 18ஆம் நூற்றாண்டு நிலவியலாளர்கள் எழுதிய சொல் அது. 2003இல் ஈராக் மீது படையெடுத்த அமெரிக்கா, நூற்றுக்கணக்கான செய்தியாளர்களைத் தன் படையோடு அனுப்பியபோது உலகெங்கும் பரவியது. வழக்கம் அதற்கும் முந்தியது. அர்ஜென்டினாவுடன் பிரிட்டன் நடத்திய 1982 பாக்லாந்துப் போரில் பிரிட்டிஷ் செய்தியாளர்கள் போர்க்கப்பல்களிலேயே சென்றனர்.

படை நிற்கும் துல்லியமான இடத்தை வெளியிடுவதில்லை என்று ஈராக் சென்றவர்கள் ஒப்புக்கொண்டதை நான் குறை கூறமாட்டேன். வேலூரை அடுத்த கம்மவான்பேட்டையை 'ராணுவப்பேட்டை' என்றே அழைக்கிறோம். எல்லையில் நிற்கும் மகனின் முகாமைத் தொலைக்காட்சி நேரலையில் காட்டினால் அங்கே எந்தத் தாய்க்கு மனம் பொறுக்கும்? கவலை வேறிடத்தில் இருக்கிறது: ஒரு பக்கம் நின்று பார்ப்பவருக்கு மறுபக்கம் எட்டாது. 1806 ஜூலை 10 அன்று விடியுமுன் வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்ததைக் கோட்டைத் தளபதி பான்கோர்ட்டின் மனைவி எழுதிவைத்திருக்கிறார். குழந்தைகளோடு ஒளிந்திருந்தவர் கேட்ட துப்பாக்கிச் சத்தமும் அடைந்த அச்சமும் உண்மையே. ஆனால் புதிய தலைப்பாகையையும், நெற்றிக்குறியை அழிக்கச் சொன்ன ஆணையையும் சிப்பாய் எப்படிப் பொறுத்தான் என்பதும், ஆற்காட்டிலிருந்து பிரிட்டிஷ் அதிகாரி கில்லெஸ்பியின் குதிரைப்படை வந்தபின் கொல்லப்பட்ட சிப்பாய்களின் வீடுகளில் என்ன நடந்தது என்பதும் அவர் இருந்த இடத்துக்கு எட்டாதவை.

ஆகவே, செய்தியாளர் யார் பக்கம் நின்று பார்த்தார் என்பதைத் தமிழ்ச் சொல் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். 'உட்பொதிந்த செய்தியாளர்' என்பது உளவாளியை நினைவூட்டுகிறது. 'போர்முனைச் செய்தியாளர்' எல்லாருக்கும் பொருந்தும். 'படையுடன் செல்லும் செய்தியாளர்' என்பதே தெளிவு. எந்த நாட்டுப் படை என்பதையும் சேர்த்தே அச்சிட வேண்டும். படையின் துணையின்றிப் போவோரை ஈராக்கில் 'யூனிலாட்டரல்' என்றனர்; அவர்களைத் 'தனித்துச் செல்லும் செய்தியாளர்' எனலாம். அவ்வாறு சென்ற பிரிட்டனின் டெரி லாய்ட், 2003 மார்ச் 22 அன்று பஸ்ராவுக்கு அருகே அமெரிக்கப் படையினரின் குண்டுக்குப் பலியானார்.