சுட்ட உருளைக்கிழங்கின் ஃபாயிலை உடனே பிரித்துவிடுங்கள்

உணவுப் பாதுகாப்புப் பயிற்சி கொடுப்பது என் தொழில். திறந்தவெளியில் கிரில் போட்டுச் சமைப்பதைப் பற்றிப் பேச ஆரம்பித்தால், கேள்விகள் எல்லாம் இறைச்சியைச் சுற்றித்தான் வரும். கோழி உள்ளே வெந்துவிட்டதா என்று எப்படிப் பார்ப்பது? மசாலா தடவிய மீனை எவ்வளவு நேரம் வெளியே வைக்கலாம்? பச்சை இறைச்சி வைத்த தட்டிலேயே சுட்டதையும் எடுத்து வைக்கலாமா? எல்லாமே கேட்க வேண்டிய கேள்விகள்தான். ஆனால் உருளைக்கிழங்கைப் பற்றி யாரும் கேட்பதில்லை. அது கிழங்குதானே, வேகாவிட்டால் கடிக்கும்போதே தெரிந்துவிடும் என்று விட்டுவிடுகிறார்கள்.

எனக்குக் கவலை வருவது, எல்லாரும் சாப்பிட்டு முடித்த பிறகு அலுமினிய ஃபாயிலில் சுற்றிச் சுட்ட கிழங்குகள் இரண்டு மூன்று, பொட்டலமாகவே கிரில்லின் ஓரத்தில் மீந்து கிடப்பதைப் பார்க்கும்போதுதான். பேச்சு நீள நீள அவை அங்கேயே ஆறிக்கொண்டிருக்கும். இரவு யாராவது எடுத்துவந்து, பிரிக்காமலேயே சமையல் மேடையில் வைப்பார்கள். மறுநாளோ அதற்கடுத்த நாளோ தோலை உரித்து, மசித்து, எதையாவது கலந்து சாலட் ஆக்கிவிடுவார்கள். கெட்டுப்போன வாடை இல்லை, பூஞ்சை இல்லை, அதனால் சந்தேகமும் வருவதில்லை.

உருளைக்கிழங்கு மண்ணுக்குள் விளைகிறது. கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம் என்ற பாக்டீரியாவின் வித்துகளும் மண்ணில்தான் இருக்கின்றன. வித்து என்பது அந்தப் பாக்டீரியா தன்னைச் சுற்றிக் கெட்டியான உறை போட்டுக்கொண்டு அடங்கிக் கிடக்கும் நிலை. கிழங்கை எவ்வளவு தேய்த்துக் கழுவினாலும் தோலிலும் கண் குழிகளிலும் சில வித்துகள் தங்கிவிடலாம். பெரியவர்கள் அவற்றை விழுங்கினால் பெரும்பாலும் எதுவும் ஆவதில்லை. சிக்கல் என்னவென்றால், சாதாரணச் சமையல் சூட்டில் அவை சாவதில்லை. டப்பாவில் அடைக்கும் உணவை ஆலைகளில் அழுத்தம் கொடுத்து 121 டிகிரி செல்சியஸ் வரை சூடாக்குவது இந்த வித்துகளுக்காகத்தான். கிரில்லின் மூடிக்குள் 200 டிகிரி இருக்கலாம். ஆனால் கிழங்குக்குள் ஈரம் இருக்கும்வரை அதன் நடுப்பகுதி 100 டிகிரியைத் தாண்டாது. நன்றாக வெந்த கிழங்கில் தெர்மாமீட்டரைக் குத்தினால் 96, 98 என்றுதான் காட்டும். மற்ற பாக்டீரியாக்கள் அந்தச் சூட்டில் செத்துவிடும். வித்துகள் மட்டும் போட்டியில்லாமல் மிஞ்சியிருக்கும்.

இப்போது ஃபாயில் என்ன செய்கிறது என்று பாருங்கள். வெளிக்காற்றை அடைக்கிறது. இந்தப் பாக்டீரியா ஆக்சிஜன் இல்லாத இடத்தில்தான் வளரும். ஈரத்தையும் வெளியே விடாமல் பிடித்து வைக்கிறது. கிழங்கில் இதைத் தடுக்கும் அளவுக்குப் புளிப்பும் கிடையாது. அப்புறம் சூடு மெல்ல இறங்கி 60 டிகிரிக்குக் கீழே வந்து, வெதுவெதுப்பாகவே வெகுநேரம் நிற்கும். வித்து முளைப்பதற்கு வேண்டியதெல்லாம் ஒரே பொட்டலத்துக்குள் கூடிவிட்டது. முளைத்த பாக்டீரியா பெருகும்போது வெளிவிடும் நச்சு, நரம்பிலிருந்து தசைக்குப் போகும் கட்டளையைத் தடுத்துவிடுகிறது. இதனால் வரும் நோய்தான் பாட்டுலிசம்.

1994 ஏப்ரலில் அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்தில், எல் பாசோ நகரத்து உணவகம் ஒன்றில் சாப்பிட்ட 30 பேருக்கு இந்த நோய் வந்தது. விசாரித்தபோது, சுட்ட உருளைக்கிழங்கை மசித்துச் செய்த ஒரு டிப், அதாவது தொட்டுக்கொள்ளும் கலவைதான் காரணம் என்று தெரிந்தது. அந்தக் கிழங்குகளை ஃபாயிலில் சுற்றிச் சுட்டு, ஃபாயிலோடே பல நாட்கள் அறை வெப்பத்தில் வைத்திருந்தார்கள். பயிற்சிகளில் நான் தவறாமல் சொல்லும் சம்பவம் இது. அங்கே யாரும் அழுகிய பொருளைப் பரிமாறவில்லை. முழுதாக வெந்த, பார்க்க நன்றாக இருந்த கிழங்கைத்தான் மசித்தார்கள்.

இது அரிதான நோய். மாலையில் சுட்ட கிழங்கை இரவு சாப்பிட்டவர்கள் பதற வேண்டியதில்லை. ஆனால் வந்துவிட்டால் வாரக்கணக்கில் ஆஸ்பத்திரி, சிலருக்கு மூச்சுவிட இயந்திரம் என்று போய்விடும். தடுப்பதற்கோ ஒரு நிமிட வேலைதான் இருக்கிறது.

கிழங்கைக் கிரில்லிலிருந்து எடுத்ததும் சாப்பிடப் போகிறீர்கள் என்றால் சரி. தாமதமாகும் என்றால் தணல் குறைந்த பக்கத்தில் வைத்து 60 டிகிரிக்கு மேலேயே காத்துவையுங்கள். மீந்துவிட்டது என்று தெரிந்தவுடன் இடுக்கியால் பிடித்து ஃபாயிலை முழுக்கப் பிரித்துப் போட்டுவிடுங்கள். கிழங்கை இரண்டாக வெட்டி, வெட்டிய பக்கம் மேலே இருக்கும்படி தட்டில் பரப்புங்கள். குப்பென்று ஆவி போகும். அந்த ஆவியோடு சூடும் போகிறது. ஆவி அடங்கியதும் ஆழமில்லாத பாத்திரத்தில் போட்டு ஃப்ரிட்ஜில் வையுங்கள். எடுத்ததிலிருந்து இரண்டு மணி நேரத்துக்குள் இது முடிந்திருக்க வேண்டும். வெளியே வெப்பம் 32 டிகிரிக்கு மேல் இருந்தால் ஒரு மணி நேரம்தான். ஃப்ரிட்ஜில் வைத்ததை மூன்று நான்கு நாளுக்குள் தீர்த்துவிடலாம். ஃபாயிலோடு ஃப்ரிட்ஜில் வைத்தால் என்ன என்று கேட்பார்கள். முழுக் கிழங்கின் நடுப்பகுதி ஆற வெகுநேரம் ஆகும், அதுவரை உள்ளே அதே நிலைதான். பிரித்தே வையுங்கள்.

ராத்திரி முழுக்க ஃபாயிலோடு வெளியே கிடந்த கிழங்கு குப்பைக்குத்தான். ஓரத்தைக் கிள்ளி ருசிபார்க்கவும் வேண்டாம், இந்த நச்சு மிகச் சிறிய அளவிலேயே போதும். நன்றாகச் சூடாக்கினால் நச்சு அழியும் என்பது உண்மை. ஆனால் கிழங்கின் நடுப்பகுதி வரை அந்தச் சூடு போனதா என்று வீட்டில் யாரும் அளப்பதில்லை, சாலட்டை யாரும் சூடாக்குவதுமில்லை. இப்படிச் சாப்பிட்ட பிறகு ஒருவருக்கு இமை தொங்கினாலோ, பார்வை இரண்டிரண்டாகத் தெரிந்தாலோ, நாக்கு குழறினாலோ, விழுங்க முடியாமல் போனாலோ உடனே அவசர சிகிச்சைப் பிரிவுக்குக் கூட்டிப் போங்கள். பெரும்பாலும் 12 முதல் 36 மணி நேரத்தில் தொடங்கும், சில நாள் கழித்தும் வரலாம். என்ன சாப்பிட்டார் என்பதை மருத்துவரிடம் மறக்காமல் சொல்லுங்கள். நச்சுமுறி மருந்து இருக்கிறது. எவ்வளவு சீக்கிரம் கொடுக்கிறார்களோ அவ்வளவு பலன்.

சரி, ஃபாயில் இல்லாமலே சுடலாமா? தாராளமாக. ருசிக்கும் அதுதான் நல்லது. ஃபாயிலுக்குள் கிழங்கு தன் ஈரத்திலேயே அவிந்துவிடுவதால் தோல் நைந்து தொளதொளவென்று இருக்கும். நேரே சுட்டால் தோல் மொறுமொறுப்பாகும், உள்ளே மாவாக உதிரும். முழுக் கிழங்கைக் கழுவித் துடைத்து, முள்கரண்டியால் நாலைந்து இடத்தில் குத்தி, எண்ணெயும் உப்பும் தடவுங்கள். தணலை ஒரு பக்கமாக ஒதுக்கிவிட்டு, மறுபக்கம் கிழங்கை வைத்து மூடிவிடுங்கள். நடுத்தர அளவுக் கிழங்குக்கு முக்கால் மணியிலிருந்து ஒரு மணி நேரம் ஆகும். கத்தி எங்கும் தடுக்காமல் இறங்கினால் வெந்துவிட்டது.

நேரம் இல்லாதவர்களுக்கும், பலருக்குச் சமைப்பவர்களுக்கும் நான் சொல்வது பாதி வேகவைத்துச் சுடும் முறை. விரல் தடிமனுக்கு நீளவாக்கில் வெட்டி, உப்புத் தண்ணீரில் எட்டு பத்து நிமிடம் கொதிக்கவிடுங்கள். ஒரு ஸ்பூன் வினிகர் விட்டால் துண்டுகள் உடையாமல் நிற்கும். கிழங்கு குழையாமல் பிடித்து வைத்திருக்கும் பெக்டின் என்ற பொருள் புளிப்பில் சீக்கிரம் கரையாது. வடித்துப் பரப்பினால் முதலில் ஈரமாகப் பளபளக்கும். சற்று நேரத்தில் ஆவி போய் மேற்பரப்பு மங்கலாகும், தொட்டால் மாவு போல ஒட்டும். அப்போதுதான் எண்ணெய் தடவ வேண்டும். சூடான கம்பியில் வைத்த பிறகு புரட்ட அவசரப்படாதீர்கள். அடியில் பொருக்கு கட்டியதும் துண்டு தானாகவே கம்பியை விடும். அதற்கு முன் இழுத்தால் பாதி கம்பியோடு போய்விடும்.

இந்த முறையில் இன்னொரு லாபம், கிழங்கு நேர்ச்சூட்டில் இருப்பது சில நிமிடங்கள்தான். உருளைக்கிழங்கில் இருக்கும் சர்க்கரையும் அஸ்பராஜின் என்ற அமினோ அமிலமும் 120 டிகிரிக்கு மேல் சேரும்போது அக்ரிலமைடு உண்டாகிறது. உணவில் இது இருப்பதை 2002-இல் ஸ்வீடனில் கண்டுபிடித்தார்கள். விலங்குகளுக்குப் புற்றுநோய் உண்டாக்குகிறது. மனிதர்களுக்கு உணவு வழியாக எவ்வளவு கெடுதல் என்பது இன்னும் நிரூபணமாகவில்லை. அதற்காக உருளைக்கிழங்கையே விட வேண்டியதில்லை. பொன்னிறத்தில் எடுத்துவிடுங்கள், கரிந்த ஓரத்தைச் சுரண்டிவிடுங்கள். பச்சையாகவே வெட்டிச் சுடுவதென்றால் துண்டுகளை கால் மணி முதல் அரை மணி நேரம் தண்ணீரில் ஊறவைத்துத் துடைத்துப் போடுங்கள். சர்க்கரை கொஞ்சம் இறங்கிவிடும். கொழுப்பு சொட்டும் இறைச்சிக்குப் பக்கத்தில் வைக்காமல் தள்ளி வைத்தால், தணலில் விழுந்த கொழுப்பின் புகை கிழங்கில் படியாது.

கிழங்கைப் பொறுக்கும்போதே பச்சை நிறத்தைக் கவனியுங்கள். பச்சை நிறம் வெறும் குளோரோஃபில்தான். ஆனால் வெளிச்சம் பட்டிருக்கிறது, கூடவே சொலானின் போன்ற நச்சுகளும் ஏறியிருக்கலாம் என்று அது காட்டிக்கொடுக்கிறது. 1969-இல் லண்டனில் ஒரு பள்ளியில் மதிய உணவில் இப்படிப்பட்ட கிழங்கு சாப்பிட்டு 78 மாணவர்கள் நோயுற்றார்கள், 17 பேரை ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டியிருந்தது. கிரில் சூட்டுக்கு இந்த நச்சு அழியாது. எண்ணெயும் மசாலாவும் தடவிச் சுட்ட பிறகு பச்சை கண்ணுக்கும் தெரியாது. அதனால் முன்னாலேயே நல்ல வெளிச்சத்தில் பாருங்கள். லேசான பச்சை என்றால் ஆழமாகச் செதுக்கிவிடலாம். அதிகம் இருந்தாலோ, முளை நீண்டிருந்தாலோ, வாயில் வைத்ததும் கசந்தாலோ தூக்கிப் போடுங்கள். கிழங்குப் பையை வெயிலில் வைத்துவிட்டு அடுப்பு மூட்டப் போகாதீர்கள்.

கம்பி பிரஷ்ஷால் கிரில்லைத் தேய்ப்பவர்கள், தேய்த்த பிறகு ஈரத்துணியால் ஒருமுறை துடைத்துப் பாருங்கள். உதிர்ந்த கம்பி முடி, மிருதுவான கிழங்கில் எளிதாகக் குத்திக்கொள்ளும். இப்படி விழுங்கிவிட்டு ரோட் ஐலண்டில் ஆஸ்பத்திரிக்கு வந்த ஆறு பேரைப் பற்றி அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையம் 2012-இல் வெளியிட்டிருக்கிறது.

கடைசியாகக் கரி கிரில். சாப்பாடு முடிந்து, மழை வருகிறது, குளிர்கிறது என்று தணல் அணையாத கிரில்லைக் கூடாரத்துக்குள்ளோ கார் ஷெட்டுக்குள்ளோ தள்ளிக்கொண்டு போகிறார்கள். புகை இல்லை, சாம்பல் மூடியிருக்கிறது என்பதால் அணைந்துவிட்டதாக நினைப்பு. சாம்பலுக்கு அடியில் கனலும் கரி, கார்பன் மோனாக்சைடு என்ற உயிரைப் பறிக்கும் நச்சு வாயுவை விட்டுக்கொண்டே இருக்கும். அதற்கு நிறமும் இல்லை, வாடையும் இல்லை. ஜன்னலைத் திறந்து வைப்பது போதாது. மூடியையும் காற்றுத் துளைகளையும் அடைத்து, வெளியிலேயே விட்டு, மறுநாள் சாம்பலைக் கிளறி எங்கும் சூடு இல்லை என்று பார்த்த பிறகு உள்ளே எடுங்கள்.