பயிர் மஞ்சளானால் யூரியாப் பையைத் தேடாதீர்கள்

இந்தக் காலபோகத்தில், அதாவது பெரும்போகத்தில், ஐந்தாவது தடவையாக அதே காட்சியைக் கண்ட பிறகே இதை எழுத உட்கார்ந்தேன். கிளிநொச்சி இரணைமடுக் குளத்து நீர் பாயும் ஒரு வயல். கதிர் வெளிவருவதற்கு முந்திய குடலைப் பருவத்தில் நின்ற பயிரின் நடுவே, ஒரு களம் அளவுக்கு வட்டமாக மஞ்சள் படர்ந்து, அதன் நடுப்பகுதி வைக்கோல் நிறத்தில் காய்ந்து படுத்திருந்தது. "யூரியா காணாது போல கிடக்கு சேர். ஒரு அந்தர் எறிஞ்சனான், இன்னும் பச்சை பிடிக்கேல்லை" என்றார் அந்த அண்ணை. நான் வரம்பிலிருந்து இறங்கி, வட்டத்தின் ஓரத்தில் இன்னும் பச்சையாக நின்ற பயிரை இரு கைகளாலும் விலக்கி, அடித்தண்டை இரண்டு தரம் தட்டினேன். அரிசிக் குறுணலைக் கொட்டியதுபோல் கபில நிறப் பூச்சிகள் தண்ணீரில் விழுந்து, பக்கவாட்டில் நகர்ந்து, மீண்டும் தண்டில் ஏறின. அறக்கொட்டி, அதாவது பயிரின் சாற்றை உறிஞ்சிக் காயவைக்கும் கபில நிறத் தத்தி. அவர் யூரியா எறிந்து பத்து நாட்கள் ஆகியிருந்தன.

மஞ்சள் என்றால் யூரியாக் குறைவு என்ற எண்ணம் எங்கிருந்து வந்தது என்பது எனக்கு விளங்காமல் இல்லை. 2021 மே மாதத்தில் இரசாயனப் பசளை இறக்குமதிக்குத் தடை வந்து, நவம்பரில் அது நீக்கப்படுவதற்குள் பெரும்போக விதைப்பு நடந்து முடிந்திருந்தது. மட்டம் (பக்கத் தூர்) வெடிக்காமல், வெளிறி, குட்டையாக நின்ற அந்தப் போகத்துப் பயிரைப் பார்த்த கண்ணுக்கு இன்று எந்த மஞ்சளும் அதே மஞ்சளாகவே தெரிகிறது. அந்தப் பயம் நியாயமானது. ஆனால், அந்தப் பயத்தைக் கொண்டு நோயை முடிவு செய்வது நியாயமல்ல.

இலங்கையில் நெல் விளையாத மாவட்டம் இல்லை என்றே சொல்லலாம்; ஆயினும் அது மஞ்சளாகும் காரணம் இடத்துக்கு இடம் மாறும். களுத்துறை, காலி போன்ற தாழ்நில ஈரவலயத்தில் வடிகால் இல்லாத வயல்களில் இரும்பு நச்சுத்தன்மையால் கீழ் இலைகள் நுனியிலிருந்து செம்மஞ்சளாகும். அதற்கென்றே பொம்புவல நெல் ஆராய்ச்சி நிலையத்தில் தனியாக இனங்களைத் தெரிவு செய்து வெளியிடுகிறார்கள். பூநகரிக் கரையோரத்தில் உவர் ஏறினால் இலை நுனி வெளுத்துக் காயும். அங்கே மொட்டைக்கறுப்பன் என்ற பாரம்பரிய நெல்லை விடாமல் விதைக்கும் முதியவர்கள் அதை அறிந்தே விதைக்கிறார்கள். நாகக் (துத்தநாகக்) குறைபாட்டில் இளம்பயிரின் இலையில் துருப்போன்ற புள்ளிகள் விழும். யூரியா தரும் சத்தான நைதரசனின் உண்மையான குறைபாடோ முதலில் முதிர்ந்த இலைகளில் தொடங்கி, வயல் முழுவதும் ஏறத்தாழ ஒரே சீராக வெளிறும். அது ஒருபோதும் வயலின் நடுவே வட்டம் போடாது. வட்டம் வட்டமாக மஞ்சள் தெரிந்தால், முதலில் குனிந்து அடித்தண்டைப் பாருங்கள். பசளைப் பையை அவிழ்ப்பதைப் பிறகு யோசிக்கலாம்.

அறக்கொட்டி இருக்கும் வயலில் யூரியா எறிவது அதற்குச் சோறு போடுவதாகும். நைதரசன் மிகுந்த பயிரின் சாறு அதற்கு ஊட்டமானது. அதைக் குடித்த பெண் பூச்சி கூடுதலாக முட்டையிடும், குஞ்சுகளும் கூடுதலாகத் தப்பிப் பிழைக்கும். ஒரு பெண் பூச்சி நூற்றுக்கணக்கில் முட்டைகளை இலைமடலின் உள்ளே செருகி வைக்கிறது. ஏறத்தாழ ஒரு மாதத்துக்குள் அடுத்த தலைமுறை தயாராகிவிடும்.

அடுத்த தவறு மருந்துக் கடையில் நடக்கிறது. சைபர்மெத்ரின் போன்ற பைரித்திரொயிட்டு வகை மருந்தை, அதுவும் வேறொன்றோடு கலந்து, பயிரின் தலைக்கு மேலே விசிறிவிட்டு வருகிறார்கள். தத்தி இருப்பது நீர்மட்டத்துக்குச் சற்று மேலே, தண்டின் அடியில். மேலே விசிறிய மருந்தால் சாவது அதைத் தின்னும் சிலந்திகளும் இரைகௌவிப் பூச்சிகளும்தான். காவல் போன வயலில் சில வாரங்களில் தத்தி முன்னைவிடப் பன்மடங்காகப் பெருகும். இது உலகெங்கும் நெல் வயல்களில் பல பத்தாண்டுகளாக அறியப்பட்ட விடயம். இருந்தும் ஒவ்வொரு போகமும் இதையே திரும்பச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

விதைப்பிலேயே தொடங்குங்கள். ஏக்கருக்கு இரண்டு புசல் போதும் என்று சொன்னால், மூன்றும் நான்கும் எறிகிறீர்கள். அடர்ந்த பயிருக்குள் காற்றும் வெயிலும் புகாது. அந்த ஈரநிழலைத்தான் அறக்கொட்டி தேடுகிறது. பயிர்ச்செய்கைக் கூட்டத்தில் எல்லோருமாகக் கையுயர்த்தித் தீர்மானித்த திகதியில் விதைத்து முடியுங்கள். ஒரே வாய்க்காலில் ஒருவர் முந்தியும் ஒருவர் பிந்தியும் விதைத்தால் பூச்சிக்கு இடைவிடாமல் இளம்பயிர் கிடைக்கும். யூரியாவைப் பல தடவைகளாகப் பிரித்துப் போடுங்கள். இலையின் பச்சையை ஒப்பிட்டுப் பார்க்கும் இலை நிற அட்டை கையில் இருந்தால் அதை வைத்துப் பார்த்துவிட்டுப் போடுங்கள். வானம் மூடி, மழை விட்டு விட்டுப் பெய்யும் மார்கழி, தை நாட்களில் கிழமைக்கு ஒரு தடவையாவது வயலுக்குள் இறங்குங்கள். வரம்பில் மோட்டார் சைக்கிளை நிறுத்திப் பார்ப்பது வயல் பார்ப்பதாகாது. தத்தி தென்பட்டால் முதல் வேலையாக மூன்று, நான்கு நாட்களுக்குத் தண்ணீரை வடித்துவிடுங்கள். மருந்து தேவை என்று உறுதியானால் மட்டும், தத்திக்கென்று சிபாரிசு செய்யப்பட்டதை, பயிரை விலக்கி அடித்தண்டில் படும்படி தெளியுங்கள்.

அந்த அண்ணைக்கு ஐந்து ஏக்கர். விதைநெல், உழவு, பசளை எல்லாம் கடன். அவருடைய பக்கத்து வயல்காரர் அன்றைக்கே வாய்க்கடையை வெட்டித் தண்ணீரை இறக்கினார். அவருடைய வயலிலும் ஓரத்தில் இரண்டு சிறு வட்டங்கள் இருந்தன, அவை அதற்கு மேல் பரவவில்லை. உங்களை மன்றாட்டமாகக் கேட்கிறேன்: கடைக்குப் போகும் வழியில் கமநல சேவை நிலையத்தில் ஒரு நிமிடம் நில்லுங்கள். வேரோடு பிடுங்கிய நாலு பயிரை ஈரச் சாக்கில் சுற்றிக் கையோடு கொண்டு வாருங்கள். வர முடியாவிட்டால் விவசாயத் திணைக்களத்தின் 1920 இலக்கத்துக்கு ஓர் அழைப்பு எடுங்கள். வட்டம் கைக்குட்டை அளவில் இருக்கும்போதே வாருங்கள்.