இடித்த மேம்பாலத்தின் வண்டிகள் எங்கே போயின?

"சியோலில் மேம்பாலத்தையே இடித்துவிட்டு ஓடையை மீட்டார்களாமே, அந்த வண்டியெல்லாம் எங்கே போச்சு?" என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார்.

சொங்கெச்சொன் ஓடை பல நூறு ஆண்டுகள் சியோலின் வடிகால், துணி துவைக்கும் துறை. கொரியப் போருக்குப் பின் கரையெல்லாம் குடிசை, தண்ணீரெல்லாம் சாக்கடை. 1958-இல் மூட ஆரம்பித்து, மேலே சாலை போட்டு, அதற்கும் மேலே மேம்பாலம் கட்டினார்கள். 2003 ஜூலையில் இடிப்பு தொடங்கியபோது ஊரே ஸ்தம்பிக்கும் என்று பயந்தார்கள். ஸ்தம்பிக்கவில்லை. பேருந்துச் சேவையைச் சீரமைத்தது ஒரு காரணம். இன்னொன்று, 1968-இல் டீட்ரிச் பிரேஸ் என்ற ஜெர்மன் கணிதவியலாளர் காட்டிய வேடிக்கை. எனக்குப் பிடித்தது அதுதான்.

ஒரு கற்பனை ஊரில் காலையில் 4,000 கார்கள் வீட்டுப் பக்கமிருந்து ஆபீஸ் பக்கம் போகின்றன. வழி இரண்டு. ஒன்றில் முதலில் குறுகிய பாலம், பிறகு புறவழிச்சாலை. மற்றதில் முதலில் புறவழி, பிறகு வேறொரு குறுகிய பாலம். புறவழியில் எத்தனை வண்டி வந்தாலும் 45 நிமிடம். பாலத்தைக் கடக்க, அதில் ஏறும் ஒவ்வொரு 100 வண்டிக்கும் ஒரு நிமிடம்; 2,000 வண்டி ஏறினால் 20 நிமிடம். கூட்டம் பாதிப் பாதியாகப் பிரியும். 20-உம் 45-உம் சேர்த்து 65 நிமிடம்.

இப்போது முதல் பாலம் முடியும் இடத்திலிருந்து இரண்டாம் பாலம் தொடங்கும் இடத்துக்கு, நொடியில் கடக்கிற மாதிரி ஒரு மேம்பாலம் கட்டுவோம். பாலத்தில் 4,000 பேரும் ஏறினால்கூட 40 நிமிடம்தானே, 45-ஐ விடக் குறைவு. எனவே எல்லோரும் இரண்டு பாலத்திலும் ஏறுவார்கள். 40-உம் 40-உம் 80! சரி, ஒருவர் மட்டும் பழைய வழிக்குத் திரும்பினால்? அவருக்கு 85. ஆக யாரும் மாறமாட்டார்கள். மேம்பாலத்தை இடித்தால் எல்லோருக்கும் 15 நிமிடம் மிச்சம்.

எல்லா மேம்பாலமும் இப்படியல்ல. ஆனால் திறப்பு விழாவுக்குப் பூசணிக்காய் வாங்குவதற்கு முன் இந்தக் கணக்குக்கும் கொஞ்சம் பணம் ஒதுக்கலாம். சென்னையில் பறக்கும் ரயிலின் தூண்களைப் பக்கிங்காம் கால்வாய்க்குள்ளேயே இறக்கியவர்கள் நாம்.

சொங்கெச்சொன் 2005-இல் 5.8 கிலோமீட்டர் நீளத்துக்குத் திறந்தது. அதில் ஓடுவது பெரும்பாலும் ஹான் ஆற்றிலிருந்து பம்ப் வைத்து ஏற்றும் தண்ணீர்; ஓடை என்பதைவிட நீளமான தொட்டி என்பேன். பழைய மேம்பாலத்தின் தூண்கள் மூன்றை மட்டும் இடிக்காமல் விட்டிருக்கிறார்கள். தாங்குவதற்கு ஒன்றுமில்லாமல் தண்ணீருக்கு நடுவே நிற்கின்றன.