செந்நாய் வளையை விட்டு விலகி நில்லுங்கள்

முதுமலைக்குக் கேமராவோடு வருகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் புலிக்காக வருகிறார்கள். நான் போவது செந்நாய்க்காக. குட்டி ஈனும் பருவத்தில் உள்ளவை உலகம் முழுக்கவே 949 முதல் 2,215 வரைதான் இருக்கும் என்பது பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்புச் சங்கத்தின் மதிப்பீடு.

புலியை வரியை வைத்து அடையாளம் கண்டுவிடலாம். செந்நாய்க்கு அந்த வசதி கிடையாது. எல்லாமே ஒரே செம்பழுப்பு, கருத்த வால். அதனால்தான் ஆய்வாளர்கள் எச்சத்தைத் தேடுகிறார்கள். காட்டுத்தடங்கள் கூடும் இடத்தில் கூட்டமே சேர்ந்து எச்சமிடும். கிளறிப் பார்த்தால் புள்ளிமான் மயிரும் எலும்புத் துணுக்கும் இருக்கும். மரபணுவைப் பிரித்தால் எத்தனை செந்நாய்கள் என்பதும் தெரியவரும். வனத்துறை அனுமதி வாங்கி, தானியங்கி கேமராவை அந்த மாதிரி இடத்தில் கட்டிவிட்டுத் திரும்பிவிடுவது என் வழக்கம். 1970களில் பந்திப்பூரில் காட்டுயிர் ஆய்வாளர் ஏ.ஜே.டி. ஜான்சிங் இந்த வசதிகள் ஏதுமின்றிக் கால்நடையாகவே இவற்றைப் பின்தொடர்ந்து ஆராய்ந்தார்.

கவலையெல்லாம் மார்கழி, தை, மாசியில்தான். அப்போது குட்டிகள் வளையில் இருக்கும். வேட்டை முடித்து வரும் பெரியவை வயிற்றிலிருந்து இறைச்சியைக் கக்கிக் குட்டிகளுக்கு ஊட்டும். அந்தக் காட்சி எல்லோருக்கும் வேண்டும், எனக்கும்தான். ஆனால் வளைப்பக்கம் ஆள் நடமாட்டம் தெரிந்தால் தாய் குட்டிகளை ஒவ்வொன்றாக வாயில் கவ்வி வேறிடம் மாற்றும். வழியில் சிறுத்தை இருக்கலாம். எவ்வளவு நல்ல படமும் அதற்கு ஈடாகாது. வளை இருக்கும் இடத்தை யாரிடமும் சொல்லாதீர்கள், இணையத்திலும் போடாதீர்கள்.

இரைக்கும் இதே கதைதான். சாலையோரம் மானை வீழ்த்தியதும் ஜீப்புகள் சூழ்ந்துகொள்கின்றன. சில இடங்களில் இறைச்சிக்காகவே ஆட்கள் விரட்டிவிடுகிறார்கள். செந்நாய்க் கூட்டத்தில் பெரியவை குட்டிகளைத்தான் முதலில் தின்ன விடும். பாதியில் விரட்டினால் பெரியவை பட்டினி. மறுபடி ஓடித்தான் பிடிக்க வேண்டும். வண்டியைத் தூரத்திலேயே நிறுத்துங்கள், எஞ்சினை அணைத்துவிடுங்கள், இறங்காதீர்கள்.

அப்புறம், நாம் விலகி நின்றாலும் நம் நாய்கள் காட்டுக்குள் போய்விடுகின்றன. வெறிநோயும், டிஸ்டெம்பர் என்ற வைரஸ் நோயும் அவற்றிடமிருந்து ஒரு செந்நாய்க்குத் தொற்றினால் போதும், சேர்ந்தே தின்று சேர்ந்தே படுக்கும் கூட்டம் முழுக்கப் பரவிவிடும். மசினகுடி, கூடலூர்ப் பக்கம் நாய் வளர்ப்பவர்கள் கால்நடை மருத்துவரிடம் வெறிநோய் ஊசியோடு டிஸ்டெம்பர் ஊசியையும் கேட்டு நாய்க்குப் போட்டுவிடுங்கள். இரவில் நாயைக் கட்டி வையுங்கள்.