கோப்பு இருக்கிறது, விளையாட்டின் கண்ணில் படவில்லை

"தரவுக் கோப்பைத் திறக்க முடியவில்லை" என்ற ஒற்றை வரியோடு விளையாட்டு நின்றுவிட்டது என்று என்னிடம் கணினியைக் கொண்டுவருபவர்களில் பலர், வருவதற்கு முன்பே விளையாட்டை அழித்து மறுபடியும் நிறுவியிருப்பார்கள். பல மாதங்கள் ஆடிச் சேமித்த நிலைகளும் சிலருக்கு அதோடு போயிருக்கும். அதைச் சொல்லும்போது அவர்கள் முகம் வாடுவதைப் பார்த்திருக்கிறேன். அதனால்தான் இதை எழுதுகிறேன்: முதலில் எதையும் அழிக்காதீர்கள்.

விளையாட்டின் நிரல் ஒரு பகுதி. படம், ஒலி, வரைபடங்கள் அடங்கிய தரவுக் கோப்புகள் இன்னொரு பகுதி. 1993இல் வந்த டூம் விளையாட்டிலேயே இந்தப் பிரிவினை உண்டு. அதன் தரவெல்லாம் 'வேட்' என்ற வகைக் கோப்பில் இருக்கும்; அது கிடைக்காவிட்டால் ஆட்டம் தொடங்காது. ஆகவே கேட்க வேண்டிய கேள்வி "கோப்பு இருக்கிறதா?" என்பது மட்டுமல்ல. நிரல் அதை எங்கே தேடுகிறது என்பதும் தெரிய வேண்டும்.

ஓர் இளைஞர் ஒரே விளையாட்டை மூன்று முறை பதிவிறக்கிவிட்டு வந்தார். கோப்பில் குறையே இல்லை. ஜிப் தொகுப்பைப் பிரித்தெடுக்காமல், அதற்குள்ளேயே நிரலை இருமுறை சொடுக்கியிருந்தார். விண்டோஸ் அந்த நிரலை மட்டும் தற்காலிகக் கோப்புறை ஒன்றில் எடுத்துவைத்து இயக்குகிறது; தரவு தொகுப்புக்குள்ளேயே தங்கிவிடுகிறது. முழுவதையும் பிரித்து ஒரே இடத்தில் வைத்ததும் ஆட்டம் ஓடியது. குறுக்குவழியிலிருந்து (ஷார்ட்கட்) தொடங்கும்போதும் இதே சிக்கல் வரலாம். அதன் பண்புகளில் எந்தக் கோப்புறையிலிருந்து தொடங்க வேண்டும் என்று ஒரு பெட்டி இருக்கும். அதில் விளையாட்டு இருக்கும் இடம் சரியாகக் குறிக்கப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள்.

லினக்ஸில் கோப்புப் பெயரின் ஆங்கிலப் பெரிய எழுத்தும் சிறிய எழுத்தும் வெவ்வேறு. விண்டோஸிலிருந்து நகலெடுத்த பழைய விளையாட்டு அங்கே தடுமாறுவதற்கு இது ஒன்றே போதும். பாதையில், அதாவது கோப்பு இருக்கும் இடத்தைக் காட்டும் கோப்புறைப் பெயர்களின் வரிசையில், தமிழ் எழுத்துகள் இருந்தாலும் பல பழைய நிரல்களுக்குப் புரியாது. கோப்புறைக்குத் தமிழில் பெயர் வைப்பது தவறே அல்ல, குறை அந்த நிரல்களில்தான் இருக்கிறது. ஆனாலும் அவற்றுக்காக, ஆங்கில எழுத்தில் சிறிய பெயருள்ள கோப்புறை ஒன்றை ஒதுக்கிவிடுவது நல்லது. விண்டோஸில் மொத்தப் பாதை 260 எழுத்துகளைத் தாண்டினாலும் பல நிரல்களுக்குத் தொல்லைதான்.

பிழைச்செய்தியில் எண் இருந்தால் குறித்துக்கொள்ளுங்கள். விண்டோஸில் 2 என்றால் கோப்பு அகப்படவில்லை, 3 என்றால் பாதை அகப்படவில்லை, 5 என்றால் அனுமதி இல்லை, 32 என்றால் வேறொரு நிரல் அதைப் பிடித்துவைத்திருக்கிறது.

கோப்பு உண்மையாகவே காணாமல் போயிருந்தால் ஆன்ட்டிவைரஸின் தனிமைப்படுத்தல் பட்டியலைப் பாருங்கள்; அது சந்தேகப்பட்டு ஒதுக்கிவைத்த கோப்புகள் அங்கே இருக்கும். அதற்காக ஆன்ட்டிவைரஸை அடியோடு நிறுத்திவிடாதீர்கள். விடுபட்ட ஒற்றைக் கோப்பை முகம் தெரியாத தளத்திலிருந்து இறக்கவும் வேண்டாம்; விளையாட்டு வேண்டி வந்தவர்கள் தீநிரலோடு திரும்பியதை நான் கண்டிருக்கிறேன். ஸ்டீம் போன்ற இணைய விளையாட்டுக் கடைகளில் கோப்புகளைச் சரிபார்க்கும் வசதி உண்டு. பழுதானதை மட்டும் அது மீண்டும் இறக்கித் தரும்.

அப்படிச் சரிபார்த்த பிறகும் கோப்புகள் திரும்பத் திரும்பச் சிதைந்தால், விளையாட்டை விட்டுவிடுங்கள். வன்தட்டு பழுதாகிக்கொண்டிருக்கலாம். படங்களையும் ஆவணங்களையும் அன்றே வேறொரு வட்டில் நகலெடுத்துவிட்டு, அதற்குப் பிறகு பழுதுபார்க்கக் கொண்டுவாருங்கள்.