உட்லண்ட்ஸ் காபியை மறுபடியும் குடிக்க முடியுமா?

கதீட்ரல் சாலையில் 2008இல் மூடப்பட்ட உட்லண்ட்ஸ் டிரைவ்-இன் ஓட்டலின் காபிச் சுவையைப் பதிவு செய்து வைத்து, இன்று திரும்பக் குடிக்க ஒரு கருவி சாத்தியமா என்று மயிலாப்பூர் வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். இப்போது அங்கே செம்மொழிப் பூங்கா இருக்கிறது. பழைய புகைப்படத்தில் மரத்தடியும் கார்களும் தெரியும். டம்ளருக்குள் இருந்தது தெரியாது. அப்படி ஒரு கருவி இன்று இல்லை. ஆனால் அதற்கு வேண்டிய பாகங்களில் பெரும்பாலானவை வெவ்வேறு ஆய்வுக்கூடங்களில் கிடக்கின்றன. மனதுக்குள் அவற்றைப் பூட்டிப் பார்ப்போம்.

நாக்கின் வேலை எளிது. இனிப்பு, புளிப்பு, உப்பு, கசப்பு, இவற்றோடு 1908இல் ஜப்பானின் கிகுனே இகேடா கண்டறிந்த உமாமி. 2020இல் மெய்ஜி பல்கலைக்கழகத்தின் ஹோமெய் மியாஷிதா, இந்த ஐந்துக்கும் ஐந்து ஜெல்களை வைத்து, எது எவ்வளவு நாக்கில் உறைக்க வேண்டும் என்பதை மின்சாரத்தால் கூட்டிக் குறைக்கும் கருவியைச் செய்து காட்டினார். ஆனால் மூக்கைப் பிடித்துக்கொண்டு காபி குடித்துப் பாருங்கள். கசப்பும் இனிப்பும் சூடும்தான் மிஞ்சும். விழுங்கும்போது தொண்டையின் பின்பக்கமாக மூச்சோடு மூக்குக்கு ஏறும் ஆவிதான் அதைக் காபியாக்குகிறது.

ஆவியைப் பிடிப்பதும் தெரிந்த வித்தைதான். சுவிட்சர்லாந்தின் ரோமன் கைசர், செடியிலிருக்கும் பூவைப் பறிக்காமலேயே கண்ணாடிக் குடுவையால் மூடி, வாசனையை உறிஞ்சுபொருளில் இழுத்துச் சேகரித்தார். டம்ளருக்கும் அதையே செய்யலாம்.

அடுத்த கட்டத்தில்தான் எனக்கு மனம் பறிபோகிறது. பிடித்த ஆவியில் நூற்றுக்கணக்கான சேர்மங்கள் கலந்திருக்கும். அதைச் சுமார் 30 மீட்டர் நீளமும் கால் மில்லிமீட்டர் உள்விட்டமும் உள்ள சுருள் குழாயின் ஒரு முனையில் செலுத்துவார்கள். ஹீலியம் வாயு அதைத் தள்ளிக்கொண்டு போகும். குழாயின் உட்சுவரில் மெல்லிய பூச்சு இருக்கிறது. ரங்கநாதன் தெருவுக்குள் ஒன்றாக நுழையும் கூட்டத்தை நினைத்துக்கொள்ளுங்கள். எந்தக் கடையிலும் நிற்காதவர் முதலில் வெளியே வருவார். ஒவ்வொரு கடையாக ஏறி இறங்குபவர் கடைசியில் வருவார். பூச்சில் ஒட்டாத சேர்மம் சீக்கிரம் வெளியேறும், ஒட்டுவது தாமதிக்கும். பள்ளியில் மைத்துளியைத் தாளில் பிரித்த அதே வண்ணப்பிரிகைதான், இங்கே வாயுவில் நடக்கிறது.

மறுமுனையில் ஒரு மனிதர் மூக்கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். உணர்கருவி வரைபடம் போட்டுக்கொண்டே போகும். அவர் முகர்ந்து சொல்லச் சொல்லக் குறிப்பெடுப்பார்கள். காபி வாசனை அங்கே முழுசாக வருவதில்லை. வெண்ணெய் வரும். வேகவைத்த உருளைக்கிழங்கு வரும். காய்ச்சிய சர்க்கரை, அடுப்புப் புகை. பிறகு வெந்தயம்! வறுத்த வெந்தயத்துக்கு மணம் தரும் சோட்டலான் என்ற சேர்மம் காபியிலும் இருக்கிறது. இவையெல்லாம் ஒன்றாக மூக்கில் ஏறும்போது வெந்தயமும் கிழங்கும் காணாமல் போய்க் காபி மட்டும் நிற்கிறது. தனித்து வரும்போதே காபியை நினைவூட்டும் சேர்மங்களில் முக்கியமானது கந்தகம் சேர்ந்த 2-ஃபர்ஃபியூரைல்தயால். ஒரு லிட்டர் தண்ணீரில் ஒரு கிராமின் பத்துக் கோடியில் ஒரு பங்கு அளவுக்கு இருந்தாலே நம் மூக்கு அதைக் கண்டுகொள்ளும். வரைபடத்தில் மலையாக எழும் சேர்மம் மணமே இல்லாமல் போகலாம். கோடு அசையாத இடத்தில் முகர்பவர் நிமிர்ந்து உட்காரலாம். 1920களில் காபி மணத்தைப் பிரித்தெடுத்த ரைக்ஸ்டைன், ஸ்டாடிங்கர் என்ற வேதியியலாளர்கள் இருவரும் பின்னாளில் வேறு ஆய்வுகளுக்காக நோபல் பரிசு வாங்கினார்கள். இந்தச் சுருள் குழாய் அப்போது அவர்கள் கையில் இல்லை என்பதை நினைத்தால் மலைப்பாக இருக்கிறது.

பதிவு செய்ததைத் திரும்ப எழுப்ப வேண்டுமே? கண்ணுக்கு மூன்று நிற உணர்விகள். அதனால் டிவிக்கு மூன்று நிறம் போதும். மூக்கில் சுமார் 400 வகை ஏற்பிகள். ஆகவே முதன்மை மணங்கள் என்று நாலைந்தை வைத்துச் சமாளிக்க முடியாது. நல்ல செய்தி 2014இல் ஜெர்மானிய வேதியியலாளர்களிடமிருந்து வந்தது. உணவுகளில் கண்டறியப்பட்ட சுமார் 10,000 ஆவிச் சேர்மங்களில் மணத்தைத் தீர்மானிப்பவை ஏறத்தாழ 230 மட்டுமே. ஓர் உணவுக்கு 3 முதல் 40 வரை போதும் என்றார்கள். ஆக, நம் கற்பனைக் கருவிக்கு 230 குப்பிகள்.

கருவி எழுப்பும் மணம் நினைவை எழுப்புமா? மற்ற புலன்களின் செய்தி மூளையின் நடுவே தலாமஸ் என்ற இடைநிலையம் வழியாகச் சுற்றிப் போகும். மணமோ உணர்ச்சியையும் நினைவையும் கையாளும் பகுதிகளுக்குக் கிட்டத்தட்ட நேராகவே போய்ச் சேரும். வெளியே மணமே இல்லாதபோதும் இந்தப் பாதை தானாகத் தூண்டப்படுவது உண்டு. இல்லாத மல்லிகை வாசம் அடிக்கடி வந்தால் மோகினி என்று எலுமிச்சம்பழம் சுற்றுகிறார்கள். சைனஸ் தொற்றோ வலிப்போ காரணமாக இருக்கலாம். தயவுசெய்து மருத்துவரைப் பாருங்கள்.

காபியைப் பற்றி இவ்வளவு தெரியக் காரணம் அதன் உலகச் சந்தை. சுண்டைக்காய் வற்றல் குழம்புக்கு அந்தச் சந்தை கிடையாது. அரசுதான் பணம் போட வேண்டும். சென்னை ஐஐடியிலும் மைசூர் உணவு ஆய்வு நிறுவனத்திலும் கருவிகள் இருக்கின்றன. மூக்கைப் பழக்கிய ஆட்களுக்குச் சில வருடச் சம்பளம் கொடுத்தால் நம் சமையல்களைப் பதிவு செய்யத் தொடங்கிவிடலாம். வீண் செலவு என்பவர்களோடு நான் சண்டை போடத் தயார்.

வாசகரின் காபிக்கு வருகிறேன். அன்றைய டம்ளரின் ஆவி நம்மிடம் இல்லை, அதனால் நேர்வழி அடைபட்டுவிட்டது. சுற்றுவழி ஒன்று இருக்கிறது. அங்கே காபி போட்டவர் ஒருவரைத் தேடிப் பிடித்து, கொட்டை, வறுவல் பதம், சிக்கரி விகிதம் கேட்டுப் பல விதமாகக் கலக்க வேண்டும். அங்கே வழக்கமாகக் குடித்தவர்களிடம், பெயர் சொல்லாமல் கொடுத்து, எது நெருங்குகிறது என்று கேட்க வேண்டும். பலரும் ஒரே டம்ளரைக் காட்டினால் அதைக் குடுவையால் மூடி அளக்கலாம். டிகாஷன் அப்போதுதான் இறங்கியதாக இருக்கட்டும். நேரம் ஆக ஆக, வறுவலில் உருவான பழுப்புப் பொருள்கள் அந்தக் கந்தகச் சேர்மத்தைக் கட்டிப்போட்டுவிடும், பிளாஸ்க்கில் ஊற்றி மூடி வைத்தாலும்கூட.