பிரின்ஸ்: இளவரசரா, குறுநில மன்னரா?

முதலாம் சிலுவைப் போரைப் பற்றி ‘இளவரசர் பொஹெமண்ட் 1098இல் அந்தியோக்கியாவைப் (இன்று துருக்கியில் உள்ள நகரம்) பிடித்தார்’ என்று எழுதினால், எந்த அரசரின் மகன் என்று படிப்பவர் கேட்பார். அவர் எந்த அரசரின் மகனுமல்ல. தந்தை ராபர்ட் கிஸ்கார்ட் தென் இத்தாலியை வளைத்துப்போட்ட நார்மன் டியூக், 1085இலேயே இறந்துவிட்டார். நகரம் விழுந்தபோது பொஹெமண்டுக்கு நாற்பது வயது தாண்டியிருந்தது. அடுத்த பட்டத்துக்குக் காத்திருந்த பிள்ளையல்ல அவர், ஆட்சி செய்தவரே அவர்தான். ஆங்கிலத்தில் ‘பிரின்ஸ்’ என்று கண்டதும் கை தானாக ‘இளவரசர்’ என்று எழுதிவிடுவதால் வரும் குழப்பம் இது.

மூலச் சொல் லத்தீனின் பிரின்கெப்ஸ். ‘முதல்’ என்னும் பொருளுடைய பிரீமுஸும் ‘கைக்கொள்’ என்னும் பொருளுடைய காப்பெரேயும் சேர்ந்து உருவானது. முதலிடம் கொண்டவர் என்று பொருள். பிள்ளை, வாரிசு என்ற வாடையே அதில் கிடையாது. ‘ரெக்ஸ்’, அதாவது அரசர், என்ற பெயரை ரோமர்கள் வெறுத்ததால் முதல் ரோமப் பேரரசர் அகஸ்டஸ் தன்னைப் பிரின்கெப்ஸ் என்றே அழைத்துக்கொண்டார். அரச குடும்பத்துப் பிள்ளைகளைக் குறிக்கும் வழக்கு வெகு பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. ஜெர்மன் மொழி இரண்டையும் பிரித்தே வைத்திருக்கிறது: ஆள்பவர் ‘ஃபூர்ஸ்ட்’, அரச வம்சத்துப் பிள்ளை ‘பிரின்ட்ஸ்’. ஆங்கிலமும் பிரெஞ்சும் ஒரே சொல்லால் இரண்டையும் சமாளிக்கின்றன. நமக்கு ஆங்கில வழியாகவே எல்லாம் வருவதால் சிக்கலும் சேர்ந்தே வருகிறது.

பொஹெமண்ட் வளர்ந்த தென் இத்தாலியில் இந்தப் பட்டத்துக்குத் தனி எடை இருந்தது. 774இல் வட இத்தாலியின் லொம்பார்டு அரசை ஃபிராங்கு அரசர் சார்லமேன் விழுங்கியபோது, பெனவெந்தோவை ஆண்ட இரண்டாம் அரெக்கிஸ் பணிய மறுத்துத் தன்னைப் பிரின்கெப்ஸ் என்று அறிவித்துக்கொண்டார். சலேர்னோ, கப்புவா ஆட்சியாளர்களும் பின்னர் அதே பட்டத்தைச் சூடினர். நார்மன்கள் அந்த நகரங்களைப் பிடித்தபோது பட்டத்தின் பொருளையும் சேர்த்தே தெரிந்துகொண்டார்கள்: அரசர் என்ற பெயர் இல்லாவிட்டாலும் தன் மண்ணில் தானே தலைவர்.

வீட்டில் பொஹெமண்டுக்கு அது கிடைக்கவில்லை. தாய் அல்பெராதாவின் திருமணம் நெருங்கிய உறவுமுறை என்று சொல்லி ரத்து செய்யப்பட்டது. தந்தை சலேர்னோ வம்சத்துச் சிக்கெல்கைத்தாவை மணந்தார். அவள் மகன் ரோஜர் போர்சா டியூக் ஆனான். சண்டை போட்டுத் தாரந்தோ, ஓரியா, ஓத்ராந்தோ முதலிய ஊர்களை மட்டும் மூத்தவரான பொஹெமண்ட் வாங்கிக்கொண்டார். (பொஹெமண்ட் என்பதும் இட்ட பெயரல்ல. ஞானஸ்நானப் பெயர் மார்க். கதைகளில் வரும் ஓர் அரக்கனின் பெயரை, பிள்ளையின் உடல்வாகைப் பார்த்துத் தந்தை சூட்டினாராம்.) 1096இல் அமால்ஃபி முற்றுகையில் இருந்தபடியே சிலுவை ஏந்திச் சிலுவைப் போருக்காகக் கிழக்கே கிளம்பினார்.

அந்தியோக்கியா முற்றுகை 1097 அக்டோபரில் தொடங்கி ஏழு மாதங்களுக்கு மேல் இழுத்தது. ஒரு கோபுரத்தின் காவலிலிருந்த ஃபிரூஸ் என்பவருடன் பொஹெமண்ட் ரகசியமாகப் பேசி முடித்தார். அதை மற்றத் தலைவர்களிடம் உடனே சொல்லவில்லை. நகரம் யார் முயற்சியால் விழுகிறதோ அவருக்கே அது சொந்தம் என்று முதலில் ஒப்புக்கொள்ள வைத்தார். பைசாந்திய (கிழக்கு ரோம) பேரரசர் அலெக்சியோஸ் உதவிக்கு வந்தால் அவரிடம் ஒப்படைக்க வேண்டும் என்பது மட்டுமே நிபந்தனை. ஜூன் 3 விடியுமுன் ஏணியில் அறுபது பேர் அளவில் ஏறினார்கள். ‘ஃபிராங்குகள் (மேற்கு ஐரோப்பியர்) கொஞ்சம் பேர்தானே இருக்கிறீர்கள்’ என்று ஃபிரூஸ் கிரேக்கத்தில் பதறியதாக, படையில் உடன் இருந்தவர் எழுதிய வரலாறு சொல்கிறது. அதற்குள் ஏணியும் முறிந்தது. கீழே நின்றவர்கள் இருட்டில் தடவி ஒரு சிறு வாயிலைக் கண்டு உடைத்து நுழைந்தனர். அலெக்சியோஸ் பாதி வழியிலேயே திரும்பிவிட்டார். நகரைத் திருப்பித் தருவதாக, உதவிக்கு வராதவருக்குக் கொடுத்த சத்தியம் செல்லாது என்பது பொஹெமண்டின் வாதம்.

இங்கேதான் பட்டத்தின் கூர்மை தெரிகிறது. தந்தையைப் போல ‘டியூக்’ என்று போட்டுக்கொண்டிருக்கலாமே? முடியாது. 969 முதல் 1084 வரை பைசாந்தியம் அந்த நகரை ‘தூக்ஸ்’ என்ற அதிகாரியை வைத்து ஆண்டது. டியூக்கின் மூலமான லத்தீன் சொல்லின் கிரேக்க வடிவம்தான் அது. அந்தப் பெயரை ஏற்றால் பேரரசரின் உத்தியோகஸ்தர் என்று ஒப்புக்கொண்டதாகும். பிரின்கெப்ஸ் நிலைத்ததற்கு இதுவும் ஒரு காரணம் என்று கருத இடமுண்டு. 1099 கிறிஸ்துமஸ் சமயத்தில் எருசலேமின் லத்தீன் திருச்சபைத் தலைவரான முதுபெரும் தந்தை தைம்பெர்ட்டின் கையால் ஆட்சியுரிமை பெற்றதும் அலெக்சியோஸைச் சுற்றிக்கொண்டு போகும் வழிதான். அலெக்சியோஸுடன் போரிட்டு 1108இல் பொஹெமண்ட் தோற்றபோது தேவோல் உடன்படிக்கையில் அலெக்சியோஸ் திணித்த பட்டம் எது? தூக்ஸ்! வாழ்நாள் முழுவதும் நகரை வைத்துக்கொள்ளலாம், இறந்தபின் பேரரசுக்குத் திரும்ப வேண்டும். நகரை வைத்திருந்த சகோதரி மகன் தான்கிரேது ஒப்படைக்க மறுத்ததால் உடன்படிக்கை காகிதத்தோடு நின்றது. 1111இல் பொஹெமண்ட் இத்தாலியிலேயே இறந்தார். அவர் தொடங்கிவைத்த ஆட்சி 1268இல் எகிப்தின் சுல்தான் பைபர்ஸ் பிடிக்கும்வரை நீடித்தது.

அரபு வரலாற்றாசிரியர்கள் மொழிபெயர்க்கவே முயலவில்லை. ‘அல்-பிரின்ஸ்’ என்று ஒலியை அப்படியே எடுத்துக்கொண்டார்கள்.

நம்மிடம் இரண்டு சொற்கள் இருக்கின்றன; இரண்டையும் மாற்றி மாற்றிப் போடுகிறோம். பழுவேட்டரையர் போலப் பேரரசுக்குக் கட்டுப்பட்டவரைச் சிற்றரசர் என்கிறோம். பறம்பு மலைப் பாரியைக் குறுநில மன்னர் என்கிறோம்: நிலம் சிறிது, மேலே யாரும் இல்லை. பொஹெமண்ட் உரிமை கொண்டாடியது இரண்டாவது. அலெக்சியோஸ் கேட்டது முதலாவது. ஆனால் சிற்றரசர் என்றதும் திறை நினைவுக்கு வரும். தேவோலில் பணம் எதிர்த்திசையில் போனது, ஆண்டுக்கு 200 இறாத்தல் பொற்காசு தருவதாகப் பேரரசர்தான் ஒப்புக்கொண்டார். ஆகவே பொதுவாக ‘அந்தியோக்கியாவின் குறுநில மன்னர்’, ‘அந்தியோக்கியக் குறுநில அரசு’ என்று எழுதலாம். தேவோலைப் பேசும் இடத்தில் மட்டும் ‘பேரரசருக்குக் கட்டுப்பட்ட’ என்று சேர்த்தால் போதும்.

கலிலேயாவின் தான்கிரேதுக்கும், 1153இல் அந்நாட்டின் வாரிசான கொன்ஸ்தான்சை மணந்து அந்தியோக்கியாவை ஆண்ட ரெனால்டுக்கும் இதே முறை பொருந்தும். இன்றைய மொனாக்கோவின் இரண்டாம் ஆல்பர்ட்டும் நாட்டின் தலைவரே. செய்திகளில் அவரை இளவரசர் என்றால் மேலே ஓர் அரசர் இருப்பதுபோல் தோன்றும். இங்கிலாந்து அரசரின் மகன் வில்லியம் இளவரசர்தான், அங்கே கை வைக்க வேண்டாம். சிலுவைப் படையினரின் மற்ற நாடுகளான, 1098 மார்ச்சில் பால்ட்வின் பிடித்த எடெசாவும் 1109இல் விழுந்த திரிப்போலியும் வேறு வகை; அவற்றை ஆண்டவர்கள் ‘கவுண்ட்’. அதை அப்படியே தமிழில் எழுதினால் எண்ணிக்கையும் கவுண்டரும் குறுக்கே வருவதால் ‘கோமான்’ என்பதே நல்லது.